ஒரு கிராம் அலுமினியம்

மதுரையில் பள்ளிக்கூடம் படித்தவர்களுக்குக் கொடைக்கானல் என்றால் ஒருநாள் டூர். விடியக்காலை நாலு மணிக்கு பஸ் கிளம்பும். வத்தலக்குண்டு தாண்டி மலை ஏற ஆரம்பித்ததும் பாதிப் பேர் ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்டுவார்கள், மீதிப் பேர் சினிமாப் பாட்டு பாடுவார்கள். ஏரி, கோக்கர்ஸ் வாக், தூண் பாறை என்ற வரிசையில் வானாய்வகத்துக்குக் கிடைத்தது இருபது நிமிடம். "டேய், உள்ள போய் சத்தம் போடாதீங்கடா. இங்க சூரியன ஆராய்ச்சி பண்றாங்க" என்றார் இயற்பியல் சார். பின்னாலிருந்து எவனோ, "சார், சூரியனே இன்னும் வரலயே" என்றான். அன்றைக்குப் பகல் முழுக்க மூடுபனி.

உள்ளே என்ன பார்த்தேன் என்று இப்போது யோசித்தால் ஒன்றும் நினைவில்லை. அந்த இடத்தை 32 வயதில் பொறுப்பேற்று, அங்கே ஒரு கண்ணாடிப் பட்டறையைக் கிளப்பி, அதன் பிறகு தன் வாழ்நாளையே அதற்குக் கொடுத்த ஒருவரைப் பற்றி எனக்குத் தெரியவந்தது இருபது வருடம் கழித்து. அதுவும் ஒரு ஆபீஸ் சண்டையின் புண்ணியத்தில்.

சண்டை சின்னதுதான். எங்கள் குழுவுக்கு ஒரு மென்பொருள் பாகம் தேவைப்பட்டது. வெளியே விலைக்குக் கிடைக்கிறது. நாமே எழுதலாம் என்றேன் நான். "வாங்கிப் போட்டுட்டு அடுத்த வேலையப் பாப்போமே, எதுக்கு சக்கரத்த மறுபடி கண்டுபிடிக்கணும்?" என்றார்கள். வாங்கினோம். அந்த எரிச்சலில் அன்றிரவு, 'நாமே செய்வோம்' என்று பிடிவாதம் பிடித்தவர்களின் கதைகளைத் தேடிப் படித்துக்கொண்டிருந்தேன். அப்படி வந்து சேர்ந்தவர் வேணு பாப்பு. என் கட்சிக்கு வக்கீலாக வருவார் என்று நினைத்துத்தான் படிக்க ஆரம்பித்தேன்.

மணலி கல்லட் வேணு பாப்பு பிறந்தது 1927 ஆகஸ்ட் 10, சென்னையில். குடும்பம் மலபார்ப் பக்கம். அப்பாவுக்கு ஹைதராபாத் நிஜாமியா வானாய்வகத்தில் வேலை. தொலைநோக்கி இருக்கிற வளாகத்தில் வளர்கிற பையன் வானியலாளன் ஆவதில் ஆச்சரியமில்லை. ஹைதராபாத் அரசின் உதவித்தொகையில் ஹார்வர்டுக்குப் போகிறார். போய்ச் சேர்ந்த சில மாதங்களிலேயே, 1949 ஜூலை 2 அன்று, தான் எடுத்த ஒளிப்படத் தட்டில் ஒரு புது வால்நட்சத்திரத்தைப் பார்க்கிறார். ஆசிரியர் பார்ட் பாக், சக மாணவர் நியூகிர்க் ஆகியோரின் பெயரோடு சேர்த்து 'பாப்பு-பாக்-நியூகிர்க்' என்று அதற்குப் பெயர். வயது 21. பசிபிக் வானியல் சங்கம் அதற்காக டோனோ பதக்கம் கொடுத்தது.

1952-ல் முனைவர் பட்டம். அடுத்து கார்னகி ஆய்வுநிதியில் பாலோமர் மலை. அன்றைய உலகின் ஆகப்பெரிய தொலைநோக்கியான 200 அங்குல ஹேல் இருந்த இடம். அங்கே ஓலின் வில்சனோடு சேர்ந்து அவர் செய்த வேலைதான் இன்றும் பாடப்புத்தகத்தில் அவர் பெயரோடு இருக்கிறது.

இரவில் கோக்கர்ஸ் வாக்கில் நின்று கீழே சமவெளியைப் பார்த்தவர்களுக்கு அது என்ன வேலை என்று சுலபமாகப் புரியும். வானம் தெளிவாக இருந்தால் மதுரை வரைக்கும் விளக்குகள் தெரியும். அதில் ஒரு புள்ளியைக் காட்டி, அது பக்கத்தில் இருக்கிற சின்ன பல்பா, தூரத்தில் இருக்கிற பெரிய கோபுர விளக்கா என்று கேட்டால் வெளிச்சத்தை மட்டும் வைத்துச் சொல்ல முடியாது. விளக்கு உண்மையில் எத்தனை வாட் என்று வேறு வழியில் தெரிந்தால் தூரத்தைக் கணக்குப் போட்டுவிடலாம். நட்சத்திரங்களிலும் இதே தொல்லைதான். குளிர்ந்த நட்சத்திரங்களின் நிறமாலையில் கால்சியம் உண்டாக்கும் 'கே' கோட்டின் நடுவே ஒரு மெல்லிய ஒளிர்வு உண்டு. அதன் அகலத்தை அளந்தால் நட்சத்திரம் உண்மையில் எவ்வளவு பிரகாசமானது என்று தெரிந்துவிடுகிறது. 1957-ல் வெளியான அந்தக் கட்டுரைதான் 'வில்சன்-பாப்பு விளைவு'. கோட்டின் அகலம், நட்சத்திரத்தின் வாட், அதிலிருந்து தூரம். இவ்வளவு எளிமையான, இவ்வளவு பயனுள்ள ஒரு உறவு ஒரு வானியலாளருக்கு வாழ்நாளில் ஒன்று கிடைத்தால் பெரிது. அவருக்கு முப்பது வயதுக்குள் கிடைத்துவிட்டது.

கட்டுரை வெளிவந்தபோது அவர் பாலோமரில் இல்லை. 1953-லேயே இந்தியா திரும்பிவிட்டார். இங்கே அவருக்குக் கிடைத்தது, அப்போதுதான் தொடங்கியிருந்த உத்தரப்பிரதேச மாநில வானாய்வகம். முதலில் வாரணாசி, பிறகு நைனிடால்.

நைனிடாலில் இன்னொருவரின் நிழல் குறுக்கே வருகிறது. ஜேம்ஸ் பேக்கர், ஹார்வர்டில் 1942-ல் வானியலில் முனைவர் பட்டம் வாங்கியவர். இரண்டாம் உலகப்போர் அவரை லென்ஸ் பக்கம் இழுத்துக்கொண்டது. விமானத்திலிருந்து படமெடுக்கும் கேமராக்களுக்கு லென்ஸ் வடிவமைக்கப் போனவர், அந்தப் பக்கமே தங்கிவிட்டார். யு-2 உளவு விமானத்தின் கேமரா ஒளியியலில் அவர் கை உண்டு. பின்னாளில் போலராய்டு எஸ்எக்ஸ்-70 கேமராவிலும் உண்டு. ஸ்புட்னிக் காலத்தில் செயற்கைக்கோள்களைத் துரத்திப் படமெடுக்க, பேக்கர் ஒளியியல் பகுதியையும் ஜோசப் நன் இயந்திரப் பகுதியையும் வடிவமைத்து ஒரு கேமரா செய்தார்கள். உலகம் முழுக்க 12 இடங்களில் பேக்கர்-நன் கேமரா நிறுவப்பட்டது. 1958-ல் அதிலொன்று நைனிடாலுக்கு வந்தது. அப்போது அந்த ஆய்வகத்தின் பொறுப்பில் இருந்தவர் பாப்பு.

இருவரும் ஹார்வர்டு. இருவரும் வானத்தில் ஆரம்பித்துக் கண்ணாடிக்கு வந்தவர்கள். ஆனால் பேக்கருக்குப் பின்னால் ராணுவப் பணம், பெரிய கண்ணாடித் தொழிற்சாலைகள், கணக்குப் போட்டுத்தர ஆட்கள் எல்லாம் இருந்தன. அவர் தாளில் வரைந்தால் செய்துகொடுக்க ஒரு நாடே இருந்தது. பாப்பு 1960-ல் கொடைக்கானலுக்கு மாறிவந்தபோது அவருக்கு இருந்தது ஒரு பழைய மலை ஆய்வகமும் அதன் பட்டறையும்தான். அந்த ஆய்வகம்கூட அப்போது வானிலைத் துறையின் கீழ் இருந்தது. மழை பெய்யுமா என்று சொல்கிற துறைக்கு நட்சத்திரங்களின் பொறுப்பு!

(மதுரைக்காரனாக ஒரு குறிப்பு: திண்டுக்கல் தனி மாவட்டமாகப் பிரிந்தது 1985-ல். அதுவரை கொடைக்கானல் மதுரை மாவட்டம். ஆக, பாப்பு எங்கள் மாவட்டத்துக்காரர். இதை எழுதாமல் விட்டால் எனக்குத் தூக்கம் வராது.)

கொடைக்கானல் வானாய்வகம் 1899-ல் தொடங்கியது. மெட்ராஸ் வானாய்வகத்தின் வாரிசு. 1909 ஜனவரியில் ஜான் எவர்ஷெட் இங்கேதான் சூரியக் கரும்புள்ளியின் விளிம்பில் வாயு வெளிப்பக்கமாக ஓடுவதைக் கண்டுபிடித்தார். எவர்ஷெட்டும் கருவிகளைத் தானே செய்கிற ஆள்தான். ஆனால் இந்த மலையில் பெரிய கருவி என்றால் பொதுவாகக் கப்பலேறி வரவேண்டும். பாப்பு வந்த வருடம் நிறுவப்பட்ட சூரியச் சுரங்கத் தொலைநோக்கி இங்கிலாந்தின் கிரப் பார்சன்ஸ் செய்தது. 11 மீட்டர் கோபுரம், 60 மீட்டர் சுரங்கம். சூரியனின் பிம்பம் ஒரு பெரிய சாப்பாட்டுத் தட்டு அளவுக்கு விழும். முந்தைய இயக்குநர் ஏ.கே.தாஸ் காலத்தில் வாங்கியது. பாப்பு அதற்கு நிறமாலைமானி பொருத்தி நல்ல வேலை வாங்கினார்.

ஆனால் பாலோமரில் நட்சத்திரம் பார்த்தவருக்குச் சூரியன் மட்டும் போதவில்லை. கொடைக்கானலின் இரவு மேகம் நட்சத்திர ஆய்வுக்கு ஒத்துவராது. தெற்கே வேறு இடம் தேடினார். கிடைத்தது ஜவ்வாது மலையில் காவலூர். சுமார் 700 மீட்டர் உயரம், நிலநடுக்கோட்டுக்கு அருகே என்பதால் தென்வானத்தின் பெரும்பகுதியும் தெரியும். 1960-களின் இறுதியில் அங்கே நின்ற முதல் தொலைநோக்கி, 38 சென்டிமீட்டர் கண்ணாடி கொண்டது. அது கொடைக்கானல் ஆய்வகத்தின் கொல்லைப்புறத்தில் செய்யப்பட்டது.

கண்ணாடி தேய்ப்பது எப்படி என்று கொஞ்சம் சொல்லவேண்டும். இரண்டு வட்டக் கண்ணாடிகள். நடுவே தண்ணீரும் கார்போரண்டம் பொடியும். மேலே உள்ளதை முன்னும் பின்னும் தள்ளி, கொஞ்சம் திருப்பி, மறுபடி தள்ளவேண்டும். நம் ஊர் அம்மியை நினைத்துக்கொள்ளுங்கள். இப்படித் தேய்க்கத் தேய்க்க மேலே இருப்பது தானாகவே குழியும், கீழே இருப்பது தானாகவே மேடாகும். ஒரு கோளத்தின் துண்டு எந்தக் கணக்கும் போடாமல் கையிலேயே பிறந்துவிடும். எனக்கு இது இன்றும் நம்பமுடியாத விஷயம்.

தொல்லை அதற்குப் பிறகுதான். தொலைநோக்கிக்குக் கோளம் போதாது, பரவளையம் வேண்டும். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் பெரிய கண்ணாடியில்கூட ஒரு தலைமுடித் தடிமன் வராது. அதைக் கீல் பூசிய தட்டால், மிக மெல்லிய பொடியால், இங்கே இத்தனை தேய்ப்பு, அங்கே அத்தனை தேய்ப்பு என்று கொண்டுவரவேண்டும். தேய்த்தால் கண்ணாடி சூடாகும், சூடானால் வடிவம் மாறும். அதனால் ஒரு மணிநேரம் தேய்த்துவிட்டுப் பல மணிநேரம் சும்மா காத்திருக்கவேண்டும். பிறகு சோதனை. 1858-ல் பிரெஞ்சுக்காரர் ஃபூக்கோ சொன்ன வழி: கண்ணாடியின் வளைவு மையத்தில் ஒரு ஊசிமுனை விளக்கு வைத்து, திரும்பிவரும் ஒளியை ஒரு பிளேடால் மெதுவாக வெட்டினால், கண்ணாடியின் மேடுபள்ளங்கள் நிலா வெளிச்சத்தில் மணல்மேடு மாதிரி நிழலாகத் தெரியும். ஒரு விளக்கும் ஒரு சவர பிளேடும் போதும், நூறு நானோமீட்டருக்கும் குறைவான குறை கண்ணுக்குத் தெரிந்துவிடும். அதிகமாகத் தேய்த்துவிட்டால் தேய்த்ததை ஒட்டவைக்க முடியாது. அங்கே கன்ட்ரோல்-இசட் கிடையாது.

1971-ல் கொடைக்கானல் வானிலைத் துறையிலிருந்து பிரிந்து, இந்திய வானியற்பியல் நிறுவனம் என்ற தன்னாட்சி அமைப்பானது. பாப்பு அதன் இயக்குநர். 1972-ல் காவலூருக்கு 102 சென்டிமீட்டர் தொலைநோக்கி வந்தது. அது ஜெர்மனியின் கார்ல் ஜெய்ஸ் செய்தது, விலைக்கு வாங்கியது. வந்த வருடமே வியாழனின் துணைக்கோளான கனிமீடுக்கு மெல்லிய வளிமண்டலம் இருக்கலாம் என்ற தடயம் அதில் கிடைத்தது. 1977 மார்ச் 10 அன்று யுரேனஸ் ஒரு நட்சத்திரத்தை மறைத்தபோது, அமெரிக்காவின் பறக்கும் ஆய்வகம் வளையங்களைக் கண்டுபிடித்த அதே இரவில், காவலூரும் அதைப் பதிவுசெய்தது. வாங்கிய கருவி, உடனடியாக விளைச்சல். இதைப் படித்தபோது என் ஆபீஸ் எதிர்க்கட்சிக்காரர்களின் முகம் ஞாபகம் வந்தது.

அப்படியிருந்தும் அடுத்ததை அவர் வாங்கவில்லை. 2.34 மீட்டர் தொலைநோக்கியை இந்தியாவிலேயே செய்வது என்று முடிவெடுத்தார். கண்ணாடிக் கட்டி மட்டும் வெளிநாட்டுச் சரக்கு. வெப்பத்துக்கு அவ்வளவாக விரியாத அந்தக் கண்ணாடியை ஜெர்மனியின் ஷாட் நிறுவனம் வார்த்தது. தேய்ப்பு, மெருகு, சோதனை எல்லாம் பெங்களூரில், நிறுவனத்தின் ஒளியியல் கூடத்தில். ஜெயராஜன், சக்சேனா போன்றவர்கள் வேலை செய்த கூடம் அது. இயந்திர உடம்பு வால்சந்த்நகரில் ஆனது. இடையில் பயிற்சிபோல ஒரு 75 சென்டிமீட்டர் தொலைநோக்கியும் உள்ளூரிலேயே உருவானது.

38 சென்டிமீட்டரிலிருந்து 234 சென்டிமீட்டருக்கு வந்தால் ஒளி பிடிக்கும் பரப்பு கிட்டத்தட்ட 38 மடங்கு. சிரமமும் அதே மடங்கில் கூடினால் பரவாயில்லை, அதைவிட மோசமாகக் கூடும். ஒரு நல்ல கண்ணாடியில் எந்தக் குறையும் ஒளியின் அலைநீளத்தில் இருபதில் ஒரு பங்குக்குள், அதாவது 25 நானோமீட்டருக்குள் இருக்கவேண்டும் என்று வைத்துக்கொள்வோம். இந்தக் கண்ணாடியை ஐம்பதாயிரம் மடங்கு பெரிதாக்கினால் அதன் குறுக்களவு 117 கிலோமீட்டர். மதுரையிலிருந்து கொடைக்கானல் வரைக்குமான ரோடு. அந்த ரோடு முழுக்க ஒரு கடுகுக்கு மேல் மேடு இருக்கக்கூடாது. வாடிப்பட்டி தாண்டி வண்டி ஓட்டியவர்கள் இந்த வாக்கியத்தை இன்னொரு முறை படிக்கலாம்.

எனக்குப் பிடித்த கணக்கு வேறொன்று. கண்ணாடி எடை சுமார் மூன்றரை டன். ஆனால் நட்சத்திர ஒளியைத் திருப்பி அனுப்புவது கண்ணாடி இல்லை, அதன்மேல் பூசிய அலுமினியப் படலம். தடிமன் ஒரு மில்லிமீட்டரில் பத்தாயிரத்தில் ஒரு பங்கு. பரப்பால் பெருக்கிப் பார்த்தேன்: மொத்த அலுமினியம் ஒரு கிராம் சொச்சம். மூன்றரை டன் கண்ணாடியும், அதைச் சுமக்கிற இரும்பும், அதற்கு மேலே சுழல்கிற குமிழ்க்கூரையும், அவற்றைச் செய்த அத்தனை பேரும், அந்த ஒரு கிராமைச் சரியான வடிவத்தில் பிடித்துவைத்திருக்கிறார்கள்.

இந்த வருடங்களில் பாப்பு என்ற வானியலாளர் என்ன ஆனார்? ஆய்வை அவர் விடவில்லை. 1979-ல் சர்வதேச வானியல் ஒன்றியத்தின் தலைவரானார், அந்தப் பதவிக்கு வந்த முதல் இந்தியர். ஆனால் 1957-ல் எழுதியதற்கு இணையான இன்னொரு கட்டுரை வரவில்லை. இடம் தேடுவது, ரோடு போடுவது, கண்ணாடி, கியர், பட்ஜெட், ஆட்கள் என்று அவர் நேரம் போனது. பாலோமரிலேயே இருந்திருந்தால் என்று யோசிக்காமல் இருக்க முடியவில்லை. நான் கோடு எழுதுவதை விட்டு, கோடு எழுதுகிறவர்களின் லீவு விண்ணப்பத்தை அனுமதிப்பவனாக ஆகி நாலு வருடம் ஆகிறது. பெரிய ஒப்பீடு என்று சிரிக்கலாம். ஆனால் ஒரு வேலையை நன்றாகச் செய்யத் தெரிந்தவன் அதைச் செய்யாமல், அது நடப்பதற்கான இடத்தைக் கட்டிக்கொண்டிருப்பதில் ஒரு வலி இருக்கிறது. அது எந்த அளவிலும் வலிதான்.

1982 ஆகஸ்டில் சர்வதேச வானியல் ஒன்றியத்தின் மாநாடு கிரீஸ் நாட்டின் பத்ராஸில் கூடியது. தலைவர் வரவில்லை. இதய அறுவை சிகிச்சைக்குப் பின் ஆகஸ்ட் 19 அன்று மியூனிக்கில் இறந்துபோனார். வயது 55. கண்ணாடி முடிந்திருக்கவில்லை. தொலைநோக்கி 1985 இறுதியில்தான் முதல் வெளிச்சம் பார்த்தது. 1986 ஜனவரி 6 அன்று பிரதமர் ராஜீவ் காந்தி காவலூருக்கு வந்து, வேணு பாப்புவின் பெயரை அதற்குச் சூட்டினார்.

இங்கே கதையை நிறுத்தினால் என் கட்சி ஜெயித்ததாக ஆகிவிடும். ஆனால் நடந்தது வேறு. ஆஸ்திரேலியாவில் 3.9 மீட்டர் தொலைநோக்கி 1970-களின் நடுவிலேயே வேலைக்கு வந்துவிட்டிருந்தது. 1986-ல் 2.34 மீட்டர் என்பது உலக அளவில் நடுத்தரம். காவலூரில் இரண்டு பருவமழையும் எட்டிப்பார்க்கும், வருடத்தில் பல மாதம் மேகம். அதைவிட முக்கியமானது, அடுத்து வந்தவர்கள் வாங்கினார்கள். லடாக்கின் ஹான்லேயில் 2000-ல் கண்திறந்த 2 மீட்டர் தொலைநோக்கி அமெரிக்காவில் செய்தது. நைனிடாலுக்கு அருகே தேவஸ்தலில் 2016-ல் தொடங்கிய 3.6 மீட்டர் தொலைநோக்கி பெல்ஜியத்தின் அமோஸ் செய்தது, அதன் கண்ணாடி ரஷ்யாவில் மெருகேறியது. 'நாமே செய்வோம்' என்று ஆரம்பித்த பாதையில் அதைவிடப் பெரிய அடுத்த தொலைநோக்கி வரவில்லை. வாங்கியவர்களைக் குறை சொல்லவும் முடியவில்லை. ஹான்லேயின் வானம் காத்திருந்தது, அதற்கு இன்னொரு பத்து வருடம் கண்ணாடி தேய்த்துக்கொண்டிருப்பது நியாயமா? நான் அந்த மீட்டிங்கில் இருந்திருந்தால் வாங்குவோம் என்றுதான் சொல்லியிருப்பேன். எழுதும்போது எனக்கே கொஞ்சம் கசக்கிறது.

ஒன்று மட்டும் சொல்லலாம். முப்பது மீட்டர் தொலைநோக்கி என்றொரு பெரிய சர்வதேசத் திட்டம் இருக்கிறது. அதன் கண்ணாடி ஒரே துண்டு கிடையாது, 492 அறுகோணத் துண்டுகள் சேர்ந்தது. அதில் ஒரு பகுதியை மெருகேற்றும் பொறுப்பு இந்தியாவுக்கு. அதற்கான கூடம் பெங்களூருக்கு வெளியே ஹொசகோட்டேயில், அதே வானியற்பியல் நிறுவனத்தின் வளாகத்தில் இருக்கிறது. கண்ணாடியைத் தேய்க்கத் தெரியாத நாட்டிடம் அந்த வேலையை யாரும் கொடுக்கமாட்டார்கள். இந்தத் திட்டம் எங்கே எப்போது எழும்பும் என்பது வேறு பஞ்சாயத்து.

போன வருடம் ஒரு சனிக்கிழமை காவலூர் போனேன். வாணியம்பாடியில் இறங்கி, ஆலங்காயம் வழியாக மலையேறினேன். பார்வையாளர்களுக்குச் சின்னத் தொலைநோக்கியில் சனிக்கோளைக் காட்டினார்கள். எனக்கு முன்னால் நின்ற பையனுக்கு எட்டு வயது இருக்கும். பார்த்துவிட்டு நகராமல், அந்தப் பக்கம் இருட்டில் தெரிந்த பெரிய குமிழ்க்கூரையைக் கைகாட்டி, "அண்ணா, அந்தப் பெருசுல எப்ப காட்டுவாங்க?" என்றான்.

"அதுல கண்ண வெச்சுப் பாக்க முடியாதுடா. கேமராதான் பாக்கும்."

"அப்ப அவ்ளோ பெருசா எதுக்குச் செஞ்சாங்க?"

ஒரு கிராம் அலுமினியத்திலிருந்து ஆரம்பிக்கலாம் என்று வாயெடுத்தேன். அதற்குள் மேகம் வந்து சனிக்கோள் மறைந்துவிட்டது. அவன் அம்மா, "டேய், குளுருது வாடா, பஸ்ஸு போயிரும்" என்று கூப்பிட்டார். பையன் பெரிய கூரையைத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனான்.